கங்காவின் கையும் மரத்தின் கையும்

கங்கா சோற்றை வலக்கையால்தான் உண்பாள். ஒருவருக்கு ஒன்றைக் கொடுப்பதும் வாங்குவதும்கூட வலக்கையால்தான். சின்ன வயதில் அம்மா முழங்கையில் தட்டித் தட்டிப் பழக்கிவிட்டது அவ்வளவு மட்டுமே. மற்ற எந்த வேலைக்கும் இடக்கை தானாக முந்திக்கொள்ளும். அரிவாள், கரண்டி, துடைப்பம், சீப்பு எல்லாம் அந்தக் கைக்குத்தான் சொந்தம். அவள் வாசலில் போடும் சுழிக்கோலம்கூட ஊராருடையதற்கு எதிர்ப்பக்கமாகச் சுற்றிக்கொண்டு நிற்கும்.

சுங்கை ஆயர் தாவார் பக்கத்துக் கடலோரத் தென்னந்தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவரை இதனால் அவளுக்கு ஒரு சங்கடமும் வந்ததில்லை. தேங்காய்க்கு இடது வலது தெரியாது. தரையில் நட்ட இரும்பு முனையில் காயைக் குத்தித் திருகினால் மட்டை கழன்றுவிடும். எந்தப் பக்கம் திருகினால் என்ன? உரிப்பதில் அவளுக்கு ஈடுகொடுக்க ஆண்களிலேயே சிலர்தான் இருந்தார்கள்.

எண்பத்து நான்கில் அவளைக் கெர்லிங்குக்கு உள்ளே ஒரு ரப்பர் தோட்டத்தில் கட்டிக்கொடுத்தார்கள். மாப்பிள்ளை அர்ஜுனன் பால்மரம் சீவுகிறவன். சிரிக்காமல் ஒரு வாக்கியம் பேசத் தெரியாதவன். அவனுடைய தாய் காளியம்மாவும் நெடுங்காலம் மரம் சீவியவள்தான். முட்டிவலி வந்து அவள் வேலையை விட்டதும் அவளுடைய மரங்கள் ஆளில்லாமல் நின்றன. சீவுகிறவர்களை மேற்பார்க்கும் மண்டோர் செல்லன் புது மருமகளைக் கூப்பிட்டு நேராகவே சொல்லிவிட்டார்.

“தீபாவளி வரைக்கும் பாக்குறேன்மா. கை வந்துச்சுன்னா ஒன் மாமியாரு சீவுன மர நிரை ஒனக்கு. வரலன்னா மருந்தடிக்கிற கூட்டத்துல போய்ச் சேந்துக்க. அங்க ஆளு பத்தல.”

களைக்கொல்லி மருந்தடிப்பது என்றாலே கங்காவுக்கு ஆகாது. தென்னந்தோட்டத்தில் ஒரு வாரம் அந்த வேலையைப் பார்த்துவிட்டு, சோற்றைக் கண்டாலே மருந்து வாடையடிக்கிறது என்று பட்டினி கிடந்தவள் அவள். எப்பாடுபட்டாவது இந்த மரங்களைப் பிடித்துக்கொள்ள வேண்டும் என்று மனத்துக்குள் முடிச்சுப் போட்டுக்கொண்டாள்.

மரம் சீவுவதைப் பார்த்தால் சுலபம்போல் இருக்கும். பட்டையில் ஏற்கெனவே ஒரு கோடு இருக்கும். இடப்பக்கம் உயர்ந்து வலப்பக்கம் சரிந்து இறங்கும். அந்தக் கோட்டின் மேல்முனையில் உளியை வைத்து, மெல்லிய தோலாகச் சீவிக்கொண்டே கீழ்முனைக்கு இழுத்து வர வேண்டும். அங்கே செருகியிருக்கும் தகரப் பீலி வழியாகப் பால் கீழே கட்டியிருக்கும் மங்குக் கிண்ணத்தில் சொட்டும். உளி ஆழமாய்ப் போய் உள்மரத்தைத் தொட்டுவிட்டால் மரத்துக்குக் காயம். காயம் பட்ட இடத்தில் பட்டை முண்டுமுண்டாக வீங்கும். மண்டோர்களுக்குக் காயத்தைக் கண்டால் தங்கள் உடம்பிலேயே பட்டதுபோல் வலிக்கும்.

கங்கா முதலில் முன்பக்க நிரையில் வலக்கையால் சீவிப் பார்த்தாள். அன்று காலையே செல்லன் வந்து தலையில் கை வைத்துக்கொண்டார்.

“என்னம்மா இது? மரத்த சீவச் சொன்னா, கொழம்புக்கு வாழக்கா நறுக்குன மாதிரி நறுக்கி வச்சிருக்க?”

உளியை இடக்கைக்கு மாற்றினாள். அதுவும் சரிப்படவில்லை. மேல்முனையில் தொடங்கி வலப்பக்கமாகப் போக வேண்டியிருந்தது. அவள் கையோ வலத்திலிருந்து இடத்துக்கு இழுத்துப் பழகிய கை. உளியைத் தன்னைவிட்டு விலக்கித் தள்ளத் தள்ள அது துள்ளிக் குதித்தது.

“மண்டோரே, கோட்ட மாத்திப் போட்டுக்கிடவா? இந்தப் பக்கம் ஒசத்தி, அந்தப் பக்கம் எறக்கி?” என்று வலப்பக்கமும் இடப்பக்கமும் கையால் காட்டிக் கேட்டாள்.

செல்லன் சுற்றும்முற்றும் பார்த்தார். நல்ல மனிதர். ஆனால் யாருக்கும் தெரியாமல் நல்லவராக இருக்கத்தான் விரும்புவார்.

“சதுப்போரத்துல ரெண்டு நிரை கெழட்டு மரம் இருக்குல்ல, ஒன் மாமியாரு பங்குதான். அத எப்படியும் செம்பனை நடுறதுக்காக வெட்டத்தான் போறாங்க. அதுல ஒன் இஷ்டத்துக்குப் போட்டுப் பழகு. ஆபீசு கிராணி காதுக்கு மட்டும் போயிடக் கூடாது, சொல்லிட்டேன்.”

அதன் பிறகு அந்த இரண்டு நிரையும் வேடிக்கை பார்க்கும் இடமாகிவிட்டது. கங்கா புதுக்கோடு போட்டாள். வலப்பக்கம் உயர்ந்து, இடப்பக்கம் சரிந்த கோடு. இடக்கை உளி வெண்ணெயில் ஓடுவதுபோல் ஓடியது. காயம் என்று சொல்ல ஒன்றுமில்லை. பக்கத்து நிரையில் சீவும் ரமணி எட்டிப் பார்த்தாள்.

“கண்ணாடிக்குள்ள பாக்குற மாதிரியே இருக்குலா! ஒங்க ஊருல எல்லாமே திருப்பித்தான் செய்வீங்களா?”

“எங்க ஊருல சூரியன் கடல்ல விழும். ஒங்களுக்குத்தான் அது காட்டுக்குள்ள எங்கயோ போயிடுது” என்றாள் கங்கா. ரமணி உளியை எடுத்துக்கொண்டு தன் நிரைக்குத் திரும்பினாள். கங்காவுக்கு அன்று முழுவதும் மனம் லேசாக இருந்தது.

ஆனால் பால் குறைந்தது.

முதலில் மழையின் மேல் பழி போட்டார்கள். மழை விட்டது. பாலோ ஏறவில்லை. ஒவ்வொரு மங்கிலும் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைந்து, எல்லாவற்றையும் வாளியில் ஊற்றும்போது பளிச்சென்று தெரிந்தது. கோடு அழகாக இருந்து என்ன பயன்? ஸ்டோரில் பாலை நிறுக்கும் இடத்தில் ரமணி பழைய கணக்கைத் தீர்த்துக்கொண்டாள்.

“வாளியில ஏதோ ஓட்ட இருக்கு போல. பாத்து வாங்கிக்கக் கூடாதா, தங்கச்சி?”

வீட்டில் காளியம்மா அதைவிட ஒரு படி மேலே போனாள். “எத்தன வருசம் நான் சீவுன மரம்! பீச்சாங்கையால தொட்டா பால் எறங்குமா? மாடா இருந்தா ஒதச்சிருக்கும். மரமா பொறந்துட்டதால வாயில்லாம நிக்குது.”

கங்கா அடுப்படியில் உளியைக் கழுவிக்கொண்டே தன் இடக்கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அதில் என்ன குறை? ஆனாலும் மறுநாள் விடியற்காலையில் புறப்படும்போது சாமிப்படத்துக்கு முன்னாலிருந்த திருநீற்றை எடுத்து, யாரும் பார்க்காமல் அந்தக் கை நிறையப் பூசிக்கொண்டாள். மரங்கள் திருநீற்றையும் மதிக்கவில்லை. தீபாவளிக்குத் துணி எடுக்கும் பேச்சு வீடுகளில் தொடங்கிவிட்டது. மருந்தடிக்கும் கூட்டத்துக் கங்காணி ஒருநாள் அவளைப் பார்த்து, “வர்றியாம்மா?” என்று அன்பாகவே கேட்டான். அந்த அன்புதான் அவளுக்குப் பயமாக இருந்தது.

அன்று இரவுச் சோற்றின்போது அர்ஜுனனிடம் கேட்டாள். “ஏங்க, ஒங்க கை நல்ல கைதானே?”

“என் கைக்கென்ன? ராசியான கை. ஒன்னப் புடிச்ச கையாச்சே.”

“அப்ப நாளைக்கு என் மரத்துல கொஞ்சம் நீங்க சீவுங்க. என் கோட்டுலயே. ஒங்க சோத்துக் கையால.”

“எதுக்கு?”

“பால் வந்துச்சுன்னா கை மேல குத்தம். வரலன்னா கை மேல குத்தமில்ல.”

அர்ஜுனன் சோற்றை மென்றபடி யோசித்தான். “ஆக மொத்தத்துல ஒன்னும் வரக் கூடாதுன்னு வேண்டிக்கணும். இதுவரைக்கும் எந்தத் தொழிலாளியும் இப்படி வேண்டுனதில்ல, போ.”

மறுநாள் தன் நிரைக்குப் போகும் முன் சதுப்போரத்துக்கு வந்தான். நெற்றியில் கட்டிய விளக்கின் வெளிச்சத்தில் அவள் கோட்டைப் பார்த்தான். வழக்கம்போல் மேல்முனையில் உளியை வைத்தான். இப்போது மேல்முனை வலப்பக்கம் இருந்தது. அங்கிருந்து இடப்பக்கம் போகச் சொன்னால் அவன் கை ஒத்துக்கொள்ளவில்லை. உளி இரண்டு இடத்தில் சிக்கியது.

“என்னடி இது, சட்டைய முன்பின் மாத்திப் போட்ட மாதிரி இருக்கு!”

“எனக்குத் தெனமும் அப்படித்தான் இருந்துச்சு. சீவுங்க” என்று சிரித்தாள் கங்கா.

தலையைச் சொறிந்தான். அலுத்துக்கொண்டான். பிறகு என்ன நினைத்தானோ, எதுவும் நினைக்கவில்லையோ, நகர்ந்து பீலியின் பக்கம் போய் நின்றான். கீழ்முனையில் உளியை வைத்து இடத்திலிருந்து வலத்துக்கு, அவன் கைக்குப் பழகிய பக்கமாகவே, மேல்நோக்கி இழுத்தான். பட்டைத் தோல் நாடாவைப்போல் சுருண்டு வந்தது.

கங்காவின் சிரிப்பு நின்றது. “இன்னொரு மரம் சீவுங்க” என்றாள். அடுத்த மரத்திலும் அவன் கீழிருந்தே மேலே போனான். தான் என்ன செய்கிறோம் என்பது அவனுக்கே தெரியவில்லை. அவள்தான் கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டு நின்றாள்.

பால் எடுக்கும் நேரத்தில் அர்ஜுனன் சீவிய மரங்களின் மங்குகளை அவள் எட்டிப் பார்த்தாள். அவளுடைய மங்குகளைப்போலவே அவையும் அரையும் குறையுமாகத்தான் இருந்தன. “இங்க வந்து பாருங்கக்கா, ராசியான கைய!” என்று ரமணியைக் கூவி அழைத்தாள்.

ரமணி வருவதற்குள் வேறொருவர் வந்துவிட்டார். மோட்டார் சைக்கிளை ஓரமாக நிறுத்திவிட்டு, மண்டோர்களுக்கு மேலதிகாரியான கிராணி வைரவநாதன் மரத்தைச் சுற்றி நடந்துகொண்டிருந்தார். யாழ்ப்பாணத்துக் குடும்பம். அதிர்ந்து பேசமாட்டார். அதனாலேயே எல்லோரும் நடுங்குவார்கள். அவருக்குப் பின்னால் செல்லன் காற்றுப் போன பந்துபோல் நின்றார்.

“ஆர் இந்த வேலை பார்த்தது?”

“நான்தாங்கய்யா” என்றாள் கங்கா. “எனக்கு எடக்கை. அதான் கோட்ட மாத்திப் போட்டேன். பாலுதான் வர மாட்டேங்குது.”

“எப்பிடி வரும்? இந்த மரத்தின்ர பட்டைக்குள்ள பால் ஓடுற குழாய் நேரா நிக்கிறேல்லை, பிள்ளை. கொஞ்சம் வலப்பக்கமாச் சரிஞ்சுதான் மேல ஏறுது. இடப்பக்கம் உயர்த்தி வலப்பக்கம் இறக்கினால் கன குழாய் வெட்டுப்பட்டு நிறையப் பால் வரும். நீர் உம்மட பாட்டுக்கு மாறி வெட்டினால் உளி குழாயோட குழாயா வழுக்கிக்கொண்டு போயிடும். அதுக்குத்தான் இந்தக் கோட்டை இப்பிடிப் போட்டு வைச்சிருக்கு.”

கங்கா மரத்தை அண்ணாந்து பார்த்தாள். “எல்லா மரமும் அப்படித்தானாங்கய்யா?”

“எல்லா ரப்பர் மரமும்தான்.”

“ஒன்னுகூடவா பீச்சாங்கையாப் பொறக்காது?”

கிராணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவர் சிரித்து யாரும் பார்த்ததில்லை என்பதால் செல்லனுக்கு அது இன்னும் பயத்தைக் கொடுத்தது. “நானறிய இல்லை” என்றார். பிறகு மண்டோர் பக்கம் திரும்பி, “நாளையில இருந்து இந்தக் கோடு வேண்டாம். சரியான கோட்டில வெட்ட ஏலாட்டி வேற வேலைக்கு விடும்” என்று சொல்லிவிட்டு வண்டியைக் கிளப்பினார்.

சத்தம் அடங்கியதும் செல்லன் வாயைத் திறந்தார். “கேட்டியாம்மா? இனி என் கையில ஒன்னுமில்ல. மருந்துக் கூட்டத்துக்கு...”

“தீபாவளி வரைக்கும்னு நீங்கதானே சொன்னீங்க, மண்டோரே? இன்னும் தீபாவளி வரலியே. சரியான கோட்டுலயே சீவுறேன்.”

“எந்தக் கையால?”

“என் கையாலதான்.”

மறுநாள் அவள் அதே கிழட்டு மரங்களின் மறுபுறம் போய், ஊரெல்லாம் போடும் கோட்டையே போட்டாள். இடப்பக்கம் உயர்ந்து, வலப்பக்கம் சரியும் கோடு. ஆனால் மேல்முனையை அவள் ஏறெடுத்தும் பார்க்கவில்லை. பீலிப்பக்கம் நின்று, கீழ்முனையில் உளியை வைத்து, வலத்திலிருந்து இடத்துக்கு மேல்நோக்கி இழுத்தாள். முந்தின நாள் அர்ஜுனன் வலக்கையால் அவள் கோட்டில் செய்ததை, அவனுக்கு எதிரே நிற்கும் கண்ணாடியைப்போல் இடக்கையால் அவர்கள் கோட்டில் செய்தாள்.

முதல் சில நாள் தடுமாறினாள். சீவிய தோல் திரும்பிச் சறுக்கிப் பீலியில் விழுந்து அடைத்தது. உளியை முடிக்கும் இடத்தில் மணிக்கட்டை வெளியே சுண்டிவிட வேண்டும் என்பது தானாகப் பிடிபட்டது. இழுக்கும் வேகம் வந்தது. பிறகு ஒரு காலை, மங்கை நிமிர்த்தி வைத்துவிட்டு நகரும்போது பின்னால் சொட்டும் சத்தம் நெருக்கமாகக் கேட்டது. திரும்பிப் பார்த்தாள். கோட்டின் நீளத்துக்கும் வெள்ளை வெளேரென்று பால் பொங்கி நின்றது. யாரும் இல்லை என்று நிச்சயப்படுத்திக்கொண்டு மரத்தை ஒரு தட்டுத் தட்டிக் கொடுத்தாள். எந்தக் கையால் தட்டினோம் என்று அவள் கவனிக்கவில்லை.

தீபாவளிக்கு முந்தின வாரம் செல்லன் சோதிக்க வந்தார். அவள் சீவுவதைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

“எல்லாரும் மேலேர்ந்து கீழ வருவாங்க. நீ என்னம்மா கீழேர்ந்து மேல போற?”

“கோடு ஒங்க கோடுதான், மண்டோரே. போற வழி மட்டும் என்னோடது.”

மரம் மரமாகப் போய்க் கட்டைவிரலால் பட்டையைத் தடவிக் காயம் தேடினார். சதுப்போரம் முடிந்து முன்பக்க நிரைக்கு வந்ததும் அவர் முகம் மலர்ந்தது. “இந்தா இருக்கு! பெரிய காயம்! இதுக்கு என்ன சொல்ற?”

“அது நான் வலக்கையால சீவுனது. நீங்ககூட வாழக்கான்னு சொன்னீங்களே.”

செல்லன் விரலை எடுத்துக்கொண்டார். ஸ்டோரில் வாளியை நிறுத்தபோது அவர் பக்கத்திலேயே நின்றார். ரமணியும் கழுத்தை நீட்டினாள். அந்த இரண்டு நிரையிலும் காளியம்மா சீவிய காலத்து எடையே வந்திருந்தது. மண்டோர் தொண்டையைச் செருமிக்கொண்டு, எல்லோருக்கும் கேட்கும்படி, “காளியம்மா நிரை இனி கங்காவுக்கு. சதுப்போரம் மட்டுமில்ல, மொத்தமும்” என்றார். அன்று சாயங்காலம் கிராணி கோட்டையும் எடையையும் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார். அவள் எந்த முனையில் தொடங்குகிறாள் என்று அவர் கேட்கவில்லை. செல்லனும் சொல்லவில்லை.

வீட்டில் செய்தியைக் கேட்ட காளியம்மா கொஞ்சமும் அசரவில்லை. “என் மரம் எனக்குத் தெரியாதா? யாரு தொட்டாலும் குடுக்கும்” என்றாள். அர்ஜுனன் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே ஓடிவிட்டான்.

தீபாவளி கழிந்து, முழு நிரையும் தன்னுடையதான முதல் நாள் கங்கா வேலையைப் பாதையோரத்தில் தொடங்கவில்லை. சதுப்புப் பக்கத்துக் கடைசி மரத்தில் தொடங்கினாள். அந்தப் பக்கமிருந்து வந்தால்தான் ஒவ்வொரு மரத்திலும் அவள் கைக்குத் தோதாகப் பீலி முதலில் வரும். ரமணி வழக்கம்போல் பாதையோரத்திலிருந்து சீவிக்கொண்டு வந்தாள். நிரையின் நடுவில் இரண்டு நெற்றி விளக்குகளும் நேருக்கு நேர் வந்து நின்றன.

“ஐயோ, கண்ணு கூசுது! அந்தப் பக்கம் திருப்பு!”

“நீங்க திருப்புங்க, அக்கா.”

“நான் எதுக்குத் திருப்பணும்? பரம்பரையா இந்தப் பக்கத்துலேர்ந்துதான் வர்றோம்.”

“சரி, அப்ப ரெண்டு பேரும் அமத்திடுவோம். விடிஞ்சிருச்சு பாருங்க.”

உண்மையிலேயே விடிந்திருந்தது. விளக்குகளை அணைத்துவிட்டு, ரமணி தன் போத்தலைத் திறந்து மூடியில் காப்பி ஊற்றி நீட்டினாள். உளியைப் பிடித்திருந்த இடக்கையை விட்டுவிட்டுக் கங்கா வலக்கையால் அதை வாங்கிக்கொண்டாள்.