ஏழாம் கேள்விக்கு மியூரியல் எழுதிய பெயர்

யாரையும் முகத்துக்கு நேராகக் குறை சொல்லத் தயங்காத ஒருவர், ஒரே ஒரு பெயரை மட்டும் எழுத மறுத்துப் பதினோரு வருடம் தன் காரியத்தையே ஏன் கெடுத்துக்கொண்டார்? மியூரியல் ஆல்டஸை நினைக்கும்போதெல்லாம் எனக்கு எழுகிற கேள்வி இது.

இங்கிலாந்தின் சஃபோக்கில் எங்கள் ஊர்த் தேவாலயத்துக்கு அறுநூறு வயதுக்கு மேல். சக்கிமுக்கிக் கல், சுண்ணாம்புக் காரை. உள்ளே வடக்குச் சுவரில், குழந்தையைத் தோளில் சுமந்து ஆற்றைக் கடக்கும் புனித கிறிஸ்டோபரின் பழைய ஓவியம். 1993இல் மியூரியல் தேவாலயக் காப்பாளரானபோது கிறிஸ்டோபர் முழங்கால்வரை உதிர்ந்திருந்தார்.

காரணம் ஊருக்கே தெரியும். 1971 கோடையில் விவசாயி பெர்சி கராட் ஒரு மாதம் தனியாக ஏணியில் நின்று, அந்தச் சுவரின் வெளிப்பக்கக் கல்லிடுக்குகளை எல்லாம் சிமெண்டால் பூசினார். கூலி வாங்கவில்லை. அனுமதியும் வாங்கவில்லை. ஊர் அவருக்கு விருந்து வைத்தது. சுண்ணாம்பு வழியாகக் காய்ந்துகொண்டிருந்த ஈரம், வெளியே போக வழியின்றி ஓவியத்தின் பக்கம் திரும்பியது.

தேவாலயத்தில் ஓர் ஆணி அடிக்கவும் மறைமாவட்ட அலுவலகத்தின் அனுமதி வேண்டும். சிமெண்டைச் சுரண்டி எடுக்கவும்தான். படிவத்தின் ஏழாம் கேள்வி: முன்பு அனுமதியின்றி வேலை செய்தவர் யார்? மியூரியல் அதை மட்டும் நிரப்பாமல் விடுவார். படிவம் திரும்பி வரும்.

"அந்த ஆபீஸ்ல இருக்கறவங்களுக்கு என்னதான் வேணுமாம்? ஈரம் இவங்க கமிட்டி கூடறவரைக்கும் காத்திருக்குமா?" என்று மேசையைத் தட்டுவார். சபைச் செயலாளராக அத்தனை படிவங்களையும் தட்டச்சு செய்தவன் நான்.

"பெர்சி பேரைப் போட்டா முடிஞ்சுது."

"உன் வேலையைப் பாரு, லெனர்ட்."

பெர்சிமேல் பாசம் என்றும் சொல்ல முடியாது. ஞாயிறுதோறும் வாசலில் இருவருக்கும் சண்டைதான்.

"என்ன மியூரியல், என் செவுத்துக்கு இன்னும் காய்ச்சல் விடலையா?"

"நீங்க மாட்டிவிட்ட சிமெண்டு சட்டையைக் கழட்டினா விடும், பெர்சி."

"முப்பது வருஷமா ஒரு கல்லு விழலை, தெரியுமில்ல?"

"கல்லு விழலை. உள்ள கிறிஸ்டோபர் விழுந்துட்டிருக்காரு."

"ஆத்துல எறங்கினவரு நனையாமலா இருப்பாரு?"

எல்லோரும் சிரிப்பார்கள். மியூரியல் சிரித்ததில்லை.

2004 வசந்தத்தில் ஒரு நாள் அவர் ஒரு பிஸ்கட் டப்பாவுடன் என் வீட்டுக்கு வந்தார். உள்ளே ஓவியத்திலிருந்து உதிர்ந்த வண்ணச் சில்லுகள்.

"இதுல ஒரு கால் இருக்கு, லெனர்ட். குழந்தையோட கால்."

புதிய படிவம் ஒன்றை நிரப்பி நீட்டினார். ஏழாம் கேள்விக்கு எதிரே, மியூரியல் ஆல்டஸ்.

"நீங்க இந்த ஊருக்கு வந்ததே எண்பத்தஞ்சுலதானே?"

"டைப் பண்ணு."

"பதவியே போயிடும்."

"நாலு மணிக்குத் தபால் எடுத்துடுவாங்க."

ஏழு வாரத்தில் அனுமதி வந்தது. கூடவே கண்டனக் கடிதமும். அவர் காப்பாளர் பதவியிலிருந்து விலகினார். அடுத்த ஞாயிறும் வாசலில் பெர்சியோடு அதே சண்டை.

எழுதியது பொய். அதை உயர்ந்த செயல் என்று சொல்ல எனக்கு இன்றும் மனம் வரவில்லை. தட்டச்சு செய்ய மறுக்கவும் அன்று மனம் வரவில்லை. ஏன் அப்படி எழுதினீர்கள் என்று இரண்டு முறை கேட்டேன். இரண்டு முறையும் கைப்பையைத் திறந்து சாவியைத் தேடினார்.