வேப்பிலையும் ஈரப் பாவும்

ஊசி என்றால் எனக்கு உயிர் போய்விடும். எட்டு வயதில் அதற்கு நானே ஒரு வழி கண்டுபிடித்தேன்.

பாலாற்றுக்கு அந்தப் பக்கம் பெரியம்மை கண்டிருந்தது. காஞ்சிபுரத்துத் தெருக்களில் ஜீப் ஒலிபெருக்கியோடு சுற்றியது. இரண்டு முனை உள்ள புது ஊசி வந்திருக்கிறதாம், பத்துப் பதினைந்து குத்தாம். எங்கள் தெருவில் பெரியவர்களே கதவைச் சாத்திக்கொண்டார்கள். வாசலில் வேப்பிலை தொங்கினால் அது அம்மை கண்ட வீடு, யாரும் படியேற மாட்டார்கள். விடிந்ததும் ஒரு கொத்து ஒடித்து நிலையில் கட்டிவிட்டேன்.

அன்றைக்குத்தான் எங்கள் பாவு தெருவுக்கு வரும் நாள் என்பது என் மூளைக்கு எட்டவில்லை. நெய்வதற்கு முன் பட்டு இழைகளைக் கஞ்சியில் தோய்த்து, தெரு நீளத்துக்கு இழுத்துப் பிடித்து, கஞ்சி காய்வதற்குள் நூல் நூலாகப் பிரிக்க வேண்டும். தவறினால் இழைகள் ஒட்டிக்கொள்ளும், அதில் நெய்ய வேண்டிய மூன்று கல்யாணப் புடவையும் போச்சு. பிடிக்கப் பத்துப் பேராவது வேண்டும். பத்துப் பேரும் வந்தார்கள், வேப்பிலையைப் பார்த்தார்கள், கன்னத்தில் போட்டுக்கொண்டு திரும்பிப் போனார்கள். கொல்லையில் அப்பா பாவைத் தோய்த்து முடித்திருந்தார்.

அழுதுகொண்டே உண்மையைச் சொன்னேன். அம்மா முதுகில் ஒன்று வைத்தாள். ஆனால் வேப்பிலையைத் தொடவில்லை. "ஆத்தா பேர்ல கட்டினத நாமளா அவுக்கலாமா?" என்றாள்.

அந்த நேரம் பார்த்து ஜீப் எங்கள் வாசலிலேயே வந்து நின்றது. ஊசிக்காரர்கள் தேடிக்கொண்டிருந்ததே வேப்பிலை கட்டிய வீட்டைத்தானாம்! நர்ஸம்மா எங்கள் எல்லாரையும் உற்றுப் பார்த்துவிட்டு, யாருக்கு அம்மை என்று கேட்டார்.

"யாருக்கும் இல்லம்மா, இந்தப் பொண்ணு பண்ண வேல. அங்க பாவு காய்ஞ்சிக்கினு இருக்குது, புடிக்க ஆளில்ல," என்று அப்பா தெருவுக்கே கேட்கும்படி கத்தினார்.

நர்ஸம்மா முந்தானையைச் செருகிக்கொண்டு, அப்பா தெருவுக்குத் தூக்கிவந்த பாவின் ஒரு முனையைப் பிடித்தார். டிரைவர் மறுமுனையைப் பிடித்தார். பிடித்த லட்சணத்தில் பாவு தூளி மாதிரி தொங்கியது. பட்டு மண்ணில் படப்போவதைப் பார்த்துக்கொண்டு எந்த நெசவாளி வீட்டுக்குள் இருப்பான்? "அய்ய, இப்டியா புடிப்பாங்க? வுடும்மா!" என்று எதிர்வீட்டுப் பெரியப்பா ஓடிவந்தார். அவர் பின்னாலேயே தெரு வந்தது.

எல்லார் கையும் பாவில். நர்ஸம்மா நிதானமாக ஊசியை எடுத்தார்.

"வேணாம்னா கைய வுட்டுட்டுப் போலாம்பா."

யார் விடுவார்கள்? பல்லைக் கடித்துக்கொண்டு ஒவ்வொருவராகப் புஜத்தைக் காட்டினார்கள். நடுவில் எனக்கும் விழுந்தது. எறும்புக் கடிதான், அதற்கா இவ்வளவு கூத்து!

காலையில் அவ்வளவு துடித்த அப்பா, ஆள் கிடைத்த பிறகு அவசரப்படவே இல்லை. ஒவ்வோர் இழையையும் நீவி நீவிப் பிரித்தார். நர்ஸம்மா வரிசையின் கடைசி ஆளிடம் போய்ச் சேரும்வரை அப்படித்தான். அதற்குள் ஓரத்து இழைகள் கொஞ்சம் ஒட்டியே போயின. பாவம், நான் செய்த தப்பை நினைத்துத்தான் அப்பாவுக்குக் கை ஓடவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.