ஆறாவது கட்டத்துல யாரு?

ஞாயித்துக்கிழமை காலையில எங்க வீட்டுக் கதவைத் தட்டினது பதினேழு.

குழம்பாதீங்க. பதினேழுன்னா ரஹ்மத்துல்லா பாய். பாலக்கரைக்காரரு. திருவெறும்பூர் பக்கம் நான் முப்பது வருஷத்துக்கு மேல வெல்டரா இருந்தேனே, அதே கம்பெனியில இப்பவும் வெல்டரா இருக்காரு. அங்க ஒவ்வொரு வெல்டருக்கும் ஒரு நம்பர். ஒரு ஜாயிண்ட்டை வெல்டு அடிச்சு முடிச்சதும், பக்கத்துல நம்ம நம்பரை இரும்புலயே பஞ்ச் அடிச்சிரணும். சுத்தியலால ஒரே போடு. மேல பெயிண்ட் அடிச்சாலும் விரலால தடவினா தெரியும்.

நான் நாலு. எனக்குப் படிப்பு கிடையாது. கையெழுத்து மட்டும் போடுவேன். ஆனா என் நாலு எந்தெந்த ஊர்லயோ இருக்கு... நான் போகாத ஊர்லல்லாம்.

"வாங்க பாய், உக்காருங்க"ன்னேன். உக்காரல.

"அண்ணே, செவ்வாக்கிழமை ஃப்ரீயா இருக்கீங்களா?"

எழுபத்தாறு வயசுல ஃப்ரீயா இல்லாம வேற எப்படி இருக்கிறதாம்?

"ஒரு விசாரணைண்ணே. பக்கத்துல தெரிஞ்சவங்க ஒருத்தரு உக்காரலாமான்னு கேட்டிருக்கேன். நீங்க வந்து சும்மா உக்காந்தா போதும்."

வீட்டுக்காரி காபி கொண்டாந்து வச்சா. அது ஆடை கட்டிப் போற வரைக்கும் தொடல மனுஷன். கொஞ்சம் கொஞ்சமாத்தான் விஷயம் வெளிய வந்துச்சு.

கம்பெனி போன வருஷம் வெளியூர் ஃபேக்டரி ஒண்ணுக்கு ஒரு ஸ்டீம் டேங்க் செஞ்சு அனுப்பியிருக்கு. நல்ல கனமான தகடு. போன மாசம் அதுல ஒரு ஜாயிண்ட் விட்டுருச்சு. ஆவி சீறினதுல பக்கத்துல நின்னவருக்கு வலது கை வெந்து போச்சு. உயிருக்கு ஒண்ணும் இல்ல. கம்பெனி ஆளுங்க போயி பாத்தாங்க. விரிசல் விட்ட ஜாயிண்ட்டுக்குப் பக்கத்துல என்ன நம்பர்? பதினேழு.

அப்புறம் என்ன... ஒரு லெட்டர் ரெடி. 'ஈரமான ராடு வச்சு வெல்டு அடிச்சுட்டேன், என் கவனக்குறைவுதான் காரணம்.' இதுல கையெழுத்துப் போட்டா மரியாதையா வேலைய விட்டுட்டுப் போகலாம். போடலன்னா வெல்டர் கார்டை கேன்சல் பண்ணிருவாங்க. அந்தக் கார்டு இல்லாத வெல்டரை துவாக்குடி வரைக்கும் ஒரு பட்டறையும் உள்ள விடாது. அவருக்கு இன்னும் எட்டு வருஷம் வேலை செஞ்சாகணும்.

"போட்டா குத்தவாளி. போடலன்னா வேலையில்லாதவன். எது நல்லாருக்கும், நீங்களே சொல்லுங்க."

எனக்கு சுத்தி வளைக்கத் தெரியாது. நேராவே கேட்டேன். "ராடு ஈரமா இருந்துச்சா பாய்?"

"அண்ணே!" குரல் ஏறிடுச்சு. "ஓவன்லேருந்து எடுத்த சூட்டுலயே அடிக்கிறவன் நான். ஈர ராடுன்னா எக்ஸ்ரேல புள்ளி புள்ளியா காட்டிக்குடுத்துருமே, இதுல ஒரு புள்ளி கிடையாது. வேணும்னா போயி ஃபிலிமைப் பாருங்க."

"அப்புறம் ஏன் விட்டுச்சு?"

"அடுப்புல ஏத்தலண்ணே."

இதை உங்களுக்குச் சொல்லிடறேன். கனமான தகட்டுல வெல்டு அடிச்சா ஒரு இடம் பழுக்கும், பக்கத்து இடம் ஜில்லுனு இருக்கும். ஆறினப்புறம் ரெண்டும் ஒண்ணையொண்ணு இழுத்துக்கிட்டே நிக்கும். வெளிய பாத்தா ஒண்ணும் தெரியாது. அதனால மொத்தத்தையும் பெரிய அடுப்புல ஏத்தி, மெதுவா சூடாக்கி, மெதுவா ஆறவிடணும். ரெண்டு நாள் ஆகும். அதைச் செய்யலன்னா இழுப்பு உள்ளயே தங்கிடும். என்னிக்காவது ஒரு நாள் விட்டுரும். கூட்டுக் குடும்பம் மாதிரின்னு வச்சுக்குங்களேன்.

"ஏன் ஏத்தல?"

"லாரி வந்து நின்னுருச்சு. மாசக் கடைசிக்குள்ள அனுப்பியாகணும். அடுப்பு வேணாம்னு மேலேருந்து சொல்லிட்டாங்க."

"மேலேருந்துன்னா யாரு?"

"மேலேருந்துதாண்ணே."

அடுப்படியிலேருந்து எங்க வீட்டுக்காரி சத்தம் குடுத்தா. "மேலேருந்து பல்லி விழுந்தாக்கூட எங்கேருந்து விழுந்துச்சுன்னு அண்ணாந்து பாப்போமே!"

எனக்கு பழைய மொதலாளி ஞாபகம் வந்துட்டாரு. உடனே அந்தக் காலம் தங்கம்னு ஆரம்பிச்சுடுவேன்னு பயப்படாதீங்க. அந்த ஆளும் இதே தப்பைப் பண்ணினவருதான். ஒரு தடவை, "அடுப்பு வேணாம், லாரியில ஏத்துங்கடா"ன்னாரு. "விட்டுரும்ங்க"ன்னேன். "விட்டா நான் பாத்துக்கறேன்"னாரு.

விட்டுச்சு. நல்லவேளை, வாங்கினவங்க உள்ள தண்ணியை நெரப்பி டெஸ்ட் பண்ணும்போதே விட்டுச்சு. அவங்க ஆளுங்க வந்து ஷெட்டு நடுவுல நின்னு மொதலாளியைக் கிழிகிழின்னு கிழிச்சாங்க. நாங்க அத்தனை பேரும் பாத்துக்கிட்டு நிக்கிறோம். முகம் அப்படியே செவந்து போச்சு. "நான்தான் சொன்னேன்"னாரு. அவ்வளவுதான் பேசினாரு.

அதுக்காக நல்லவர்னு சொல்ல வரல. போனஸ் கேட்டா காது கேக்காது அவருக்கு. ஆனா ஆளுன்னு ஒருத்தரு இருந்தாரு. திட்டறதுக்கு ஒரு மூஞ்சி இருந்துச்சு.

அவரு மகன் கம்பெனியை வித்துட்டாரு. இப்ப, பணம் போட்டு கம்பெனிகளை வாங்கற ஏதோ ஒரு ஃபண்டு வாங்கியிருக்காம். ஃபண்டுக்கு மூஞ்சி உண்டா? "இப்ப மொதலாளி யாரு பாய்?"னு கேட்டேன். "டி.வி.ல வருவாருண்ணே"ன்னாரு. மீட்டிங் ரூம்ல மாட்டியிருக்கிற டி.வி.யைச் சொல்றாரு.

செவ்வாக்கிழமை ஸ்ரீரங்கத்துலேருந்து சென்ட்ரல் பஸ் ஸ்டாண்டு போயி, துவாக்குடி பஸ் புடிச்சு, முழங்காலைத் தேச்சுக்கிட்டே போயி எறங்கினேன். கேட்டுல ரஹ்மத்துல்லா பாய் நிக்கிறாரு. இஸ்திரி போட்ட சட்டை. கல்யாணத்துக்குப் போற மாதிரி இருந்தாரு. முகத்தைப் பாத்தா எழவு வீட்டுக்குப் போற மாதிரி.

ஏசி ரூம். எதிர்ல அஞ்சு பேர். அஞ்சு பேர் முன்னாடியும் ஆளுக்கொரு தண்ணி பாட்டில். எங்க ரெண்டு பேருக்கும் சேத்து ஒண்ணு. செவுரு பூரா அவார்டு வாங்கின போட்டோ. நடுவுல டி.வி. டி.வி.ல பாய் சொன்ன அந்த மொதலாளி, சென்னையில இருக்கிறவரு... அதாவது அவரு இல்ல, ஒரு வட்டம். வட்டத்துக்குள்ள ஒரு இங்கிலீஷ் எழுத்து. கேமராவை ஆஃப் பண்ணி வச்சிருக்காராம்.

எச்.ஆர். அம்மா என்னைப் பாத்துட்டு, "இவரு நம்ம எம்ப்ளாயி இல்லையே"ன்னாங்க.

பிளாண்ட் ஹெட் நல்ல தம்பி, நாப்பது வயசு இருக்கும். "பெரியவரு இருக்கட்டும் மேடம்"னுட்டு எங்கிட்ட, "நீங்க சொன்னா பாய் கேப்பாரு ஐயா. நல்லபடியா முடிச்சுக்கச் சொல்லுங்க"ன்னாரு.

ஓ... நம்மளை அதுக்குத்தான் உள்ள விட்டிருக்காங்க!

எச்.ஆர். அம்மா லெட்டரைப் படிச்சாங்க. 'இன்ஜூர்டு பர்சன், இன்ஜூர்டு பர்சன்'னு நாலஞ்சு தடவை வந்துச்சு. பாய் மெதுவா, "அவரு பேரு தங்கராசு மேடம்"னாரு.

"என்ன சொன்னீங்க?"

"கை வெந்தவரு பேரு. நேத்து போன்ல பேசினேன். சோறு பிசைய முடியலயாம். ஸ்பூன்லதான் சாப்பிடறாராம்."

பிளாண்ட் ஹெட் பாட்டிலைத் தொறந்து தண்ணி குடிச்சாரு.

நான் சும்மா உக்காரத்தான் போனேன். வாய் சும்மா இருக்கலையே. "தம்பி, அந்த டேங்க்கோட ரூட் கார்டு இருக்குங்களா?"ன்னேன்.

ரூட் கார்டுன்னா ஆஸ்பத்திரியில பேஷண்ட் கட்டில்ல ஒரு சீட்டு தொங்குமே, அது மாதிரி. ஜாப் எங்க போனாலும் கூடவே போகும். ஒவ்வொரு வேலைக்கும் ஒரு கட்டம், செஞ்சவன் அதுல கையெழுத்துப் போடணும். நான் படிச்சதில்ல, ஆனா எந்தக் கட்டம் எங்க இருக்குன்னு தூக்கத்துல கேட்டாலும் சொல்லுவேன். ஒண்ணு ஸ்டோர்ஸ். ரெண்டு கட்டிங். மூணு ஃபிட்டர். நாலு வெல்டர். அஞ்சு எக்ஸ்ரே. ஆறு அடுப்பு.

கொண்டாந்து வச்சாங்க. அஞ்சு கட்டத்துலயும் கையெழுத்து இருந்துச்சு. கோணலும் மாணலுமா, கிரீஸ் கறையோட. நாலாவதுல பாய் கையெழுத்து. ஆறாவதுல கையெழுத்தே காணோம். ஊதா மையில ஒரு ரப்பர் ஸ்டாம்பு.

"இது என்னங்க தம்பி?"

"தேவையில்லைன்னு போட்டிருக்கு ஐயா. ஃபார் மேனேஜ்மெண்ட்."

"யாரு போட்டது?"

"ஆபீஸ்ல அடிச்சிருப்பாங்க."

"அடிக்கச் சொன்னது?"

"ரிவ்யூ மீட்டிங்ல எடுத்த முடிவு ஐயா அது."

"மீட்டிங்ல யாரு சொன்னா?"

"எல்லாரும்தான்..."

"எல்லாரும் ஒரே நேரத்துல வாயைத் தொறந்தீங்களா தம்பி?"

எச்.ஆர். அம்மா குறுக்க வந்தாங்க. "ஐயா, அது தனிப்பட்ட ஒருத்தரோட முடிவு இல்ல. கம்பெனியோட முடிவு."

"சரிங்கம்மா. கம்பெனிக்கு பஞ்ச் நம்பர் என்ன?"

சத்தியமா நக்கலுக்குக் கேக்கல. எனக்குத் தெரிஞ்ச கணக்கு அது ஒண்ணுதான். வேலை செஞ்சவனுக்கு நம்பர் இருக்குன்னா, வேலை வேணாம்னு சொன்னவனுக்கும் ஒண்ணு இருக்கணும் இல்லையா? பாய் குனிஞ்சு கைக்குட்டையால வாயை மூடிக்கிட்டாரு. அஞ்சு பேரும் டி.வி.யைப் பாத்தாங்க.

வட்டத்துலேருந்து "லெட்ஸ் டேக் திஸ் ஆஃப்லைன்"னு ஒரு குரல் வந்துச்சு. வட்டம் மறைஞ்சு போச்சு.

"என்ன சொல்றாரு பாய்?"

"அப்புறம் பாத்துக்கலாமாம்."

கேட்டு வரைக்கும் பிளாண்ட் ஹெட் கூடவே நடந்து வந்தாரு. அங்க வந்ததும் குரலைத் தாழ்த்தி, "ஐயா, நான் அன்னிக்கே அடுப்பு வேணும்னுதான் சொன்னேன்"னாரு.

"அப்படியா? யார்கிட்ட தம்பி?"

"மனசுக்குள்ள."

என்னத்த சொல்ல! அந்தத் தம்பியைத் திட்டவும் எனக்கு மனசு வரல. வீட்டு லோன் இருக்கும், பிள்ளைங்க ஸ்கூல் இருக்கும். நானும்தான் வாழ்க்கையில முக்காவாசியை மனசுக்குள்ளயே சொல்லிட்டு வந்திருக்கேன்.

பஸ்ஸுல வரும்போது அந்த செவுருதான் கண்ணுல நின்னுச்சு. எத்தனை போட்டோ! ஒவ்வொண்ணுலயும் ஒரு மனுஷன், கையில கேடயம், கீழ எழுத்து. ரூம்லயே பாய்கிட்ட கேட்டேன், பேருதானாம். பேரு, பதவி, எல்லாம். அவார்டு வாங்கறப்ப ஆள் இருக்கு, பல்லு தெரியச் சிரிப்பு இருக்கு. ஒருத்தன் கை வெந்தா மட்டும் எல்லாரும் எறங்கிப் போயி கம்பெனிங்கிற ஒரு வார்த்தைக்குள்ள ஒளிஞ்சுக்கறாங்க. அதுக்குள்ள எவ்வளவு இடம்ங்கறீங்க!

காவிரிப் பாலத்துல பஸ் நின்னுருச்சு. டிராஃபிக். எனக்குக் கோபம் கூட வரல. அசதிதான் வந்துச்சு. கோபப்படறதுக்கும் எதிர்ல ஒரு ஆள் வேணுமே.

சனிக்கிழமை சாயங்காலம் போன் அடிச்சுச்சு. ரஹ்மத்துல்லா பாய்.

"அண்ணே, அல்ஹம்துலில்லா! லெட்டர் வேணாம்னுட்டாங்க. கார்டையும் கேன்சல் பண்ணலயாம். திங்கக்கிழமை டூட்டி."

"விசாரணை?"

"முடிஞ்சுதாம். யாரு மேலயும் தப்பு இல்லையாம்."

"தங்கராசுக்கு ஏதாவது செய்யறாங்களா?"

"கேட்டேண்ணே. அது ஆபீஸ்ல பாத்துக்குவாங்க, உனக்கெதுக்குன்னுட்டாங்க. நான் ஞாயித்துக்கிழமை ஒரு நடை போயி பாத்துட்டு வரலாம்னு இருக்கேன்."

"போயிட்டு வாங்க."

"அப்புறம் ஒண்ணுண்ணே. நீங்க கேட்டதுல ஒரு புது ரூல் போட்டிருக்காங்க. நோட்டீஸ் போர்டுலயே ஒட்டிட்டாங்க. இனிமே அடுப்பு வேணாம்னாலும் ஆறாவது கட்டத்துல வெறும் ஸ்டாம்பு செல்லாதாம். கையெழுத்து கண்டிப்பா வேணுமாம்."

ஒரு நிமிஷம் எனக்கே என் மேல ஒரு மரியாதை வந்துருச்சுங்க. எழுபத்தாறு வயசுல, ஏசி ரூம்ல ஒரு கேள்வி கேட்டு, ஒரு கம்பெனியையே மாத்திட்டோம் பாத்தீங்களா!

"பரவால்லையே பாய்! யாரு போடணுமாம்?"

"வெல்டருதாண்ணே."