பார்க்காமல் எழுதிய சினிமாப் புத்தகம்

அயர்லாந்து இலக்கியம் பற்றி ஒன்றும் சினிமா பற்றி ஒன்றுமாகப் புத்தகம் எழுதிய பேராசிரியர் செஞ்சிக்கு வந்திருக்கிறார். மனைவிக்குச் சொந்த ஊர் பக்கத்திலுள்ள வல்லம்.

முதல் புத்தகத்தை நம்பினேன். சினிமாப் புத்தகத்தை நம்பவில்லை. அது அவருக்குப் பார்வை போன பிறகு எழுதியது.

இன்று மாலை டூரிங் டாக்கீஸில் எனக்கு முன் பெஞ்சில் இருவரும் இருந்தார்கள். திரையில் நடப்பதை மனைவி அவர் காதில் சொல்லிக்கொண்டே வந்தார்.

"வாசல்ல நிக்கிறா. அழல."

"கேமரா கிட்ட வருதா?"

"இல்லீங்க, தூரத்துலயே நிக்குது."

அவர்கள் பக்கத்தில் இருந்த அம்மாள் திரும்பினாள். "இன்னாம்மா, நாங்க படம் பாக்க வேணாமா?"

மனைவி வாயை மூடிக்கொண்டார். பேராசிரியருக்குப் படம் அங்கேயே நின்றுபோனது. தலையைக் குனிந்துகொண்டார்.

"அவருக்குக் கண் தெரியாதுங்க" என்றேன். நானாகப் பேசுகிறவள் இல்லை.

"அத மொதல்லயே சொல்றதுக்கு இன்னா? சத்தமாவே சொல்லும்மா. எனக்கும் இந்தக் கம்பம் மறைக்குது."

அதன் பிறகு மனைவி எங்களுக்கும் கேட்கும்படி சொன்னார். நானும் கண்ணை மூடிக்கொண்டேன். அழாத அந்த முகம் எனக்குத் தெரிந்தது.

படம் எப்படி என்று என்னைக் கேட்காதீர்கள், பாதிக்கு மேல் நான் பார்க்கவில்லை. அவருடைய சினிமாப் புத்தகத்தைப் பற்றி வேண்டுமானால் கேளுங்கள்.