யாழினி வெளியே வந்த பிறகும் பாடிய குரல்

ஈரக் கார்பெட் வாசனை... அதோடு கீழே இருந்த டயர் கடையின் ரப்பர் நெடி. மலேசியாவில், ஸ்ரீ கெம்பாங்கானில் அந்த ஸ்டூடியோவின் மாடிப்படி ஏறும்போதே மூக்கில் ஏறிவிடும். எங்கள் பேண்டின் முதல் ரெக்கார்டிங் அங்கேதான் நடந்தது. ஞாயிற்றுக்கிழமை டயர் கடை மூடியிருக்கும், சத்தம் இருக்காது என்று அந்த நாளைப் பிடித்தோம்.

நாங்கள் நாலு பேர். முகிலன் கித்தார், சுரேன் டிரம்ஸ், நான் பேஸ் கித்தார். பாடுவது யாழினி. நான் அப்போது கிள்ளானுக்குப் பக்கத்தில் மேருவில் ஒரு கையுறை ஃபேக்டரியில் வேலைக்குச் சேர்ந்து ஆறு மாதம். தமிழில் ராக் பாட்டா என்று கேட்டுச் சிரித்தவர்கள்தான் அதிகம். அதைப் பற்றியெல்லாம் எங்களுக்குக் கவலை இல்லை.

கவலை வேறு.

யாழினியின் கழுத்தில் ஒரு கட்டி. அடுத்த வாரம் ஆபரேஷன். குரல் மாறினாலும் மாறலாம் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அதனால்தான் நிதானமாகச் செய்ய வேண்டியதை ஒரே நாளில் முடிக்க ஓடிக்கொண்டிருந்தோம்.

"மாறினா மாறட்டும் லா. முதல்ல இதை எடுத்து வச்சிருவோம்" என்றாள்.

காலையிலேயே நாங்கள் மூவரும் வாசித்து முடித்துவிட்டோம். மத்தியானம் அவள் முறை. பாடும் அறை ஒரு பெரிய அலமாரி அளவுதான். கண்ணாடி ஜன்னல்கூடக் கிடையாது, ஒரே ஒரு கதவு. வெளியே கம்ப்யூட்டர் முன்னால் ஆ செங் அங்கிள், ஸ்டூடியோ அவருடையது. அவருக்குப் பின்னால் பழைய சோபாவில் நாங்கள், ஆளுக்கொரு ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு.

மூன்று பாட்டு நன்றாகவே போனது. நாலாவதுதான் பயம். அதன் கடைசி வரி மேலே மேலே ஏறிப் போகும். பிராக்டிஸில் ஒரு தடவைகூட அவள் அதை எட்டியதில்லை. ஒவ்வொரு முறையும் அந்த இடத்தில் குரல் உடையும், அவளே சிரித்துவிடுவாள்.

வெளியே மழை பிடித்துக்கொண்டது. கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தேன். முதல் சரணம்... இரண்டாவது சரணம்...

தோளில் யாரோ தட்டினார்கள்.

கண்ணைத் திறந்தால் யாழினி. ஒரு கையால் கழுத்தைப் பிடித்தபடி, மறு கையால் தண்ணீர் என்று சைகை காட்டினாள். பாட்டிலை எடுத்துக் கொடுத்தேன். மடக் மடக்கென்று குடித்தாள்.

என் காதில் அவள் இன்னும் பாடிக்கொண்டிருந்தாள்.

எனக்கு உடனே உறைக்கவில்லை. முகிலன்தான் ஹெட்ஃபோனைக் காதோடு அழுத்தினான். சுரேன் எழுந்தே நின்றுவிட்டான். ஆ செங் அங்கிள் திரும்பி அவளைப் பார்த்தார். பிறகு திரையைப் பார்த்தார். அங்கே குரலுக்கான கோடு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.

"சியாப்பா டாலாம் து?" உள்ளே யார் என்று மலாயில் மெல்லக் கேட்டார்.

எல்லோரும் அறையைப் பார்த்தோம். கதவு பாதி திறந்து கிடந்தது. உள்ளே மைக் தெரிந்தது, ஸ்டாண்டில் அவள் கழற்றி மாட்டிய ஹெட்ஃபோன் தெரிந்தது. வேறு யாருமில்லை.

குரல் கடைசி வரிக்கு வந்தது. ஏறியது... ஏறியது... உடையவே இல்லை. அவ்வளவு சுலபமாக அந்த இடத்தைத் தொட்டு இறங்கியது. முடித்த பிறகு, பாடுகிறவர்கள் இழுத்து விடுவார்களே, அப்படி ஒரு மூச்சு. அவ்வளவுதான்.

முன்பு பாடிப் பதிந்த டேக் ஏதாவது சேர்ந்து ஓடிவிட்டதா என்று ஆ செங் அங்கிள் அரை மணி நேரம் தேடினார். அந்தப் பாட்டுக்கு வேறு டேக்கே கிடையாது.

"டிலீட் பண்ணச் சொல்லு லா. வேணாம் இது" என்றான் சுரேன்.

யாழினி என் ஹெட்ஃபோனை வாங்கி மாட்டிக்கொண்டு அந்த வரியை மட்டும் கேட்டாள். இரண்டு தடவை. அவள் முகத்தில் பயமே இல்லை. அதைப் பார்த்துத்தான் எனக்கு முதுகு சில்லிட்டது.

"என் குரல்தான். எனக்குத் தெரியாதா? வச்சிருங்க அங்கிள்."

"நீ பாடலையே யாழினி..." என்றேன்.

"இனிமே பாட முடியுமோ முடியாதோ. இருக்கட்டும்டா."

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. பத்து நாள் கழித்து பிரிக்ஃபீல்ட்ஸில் அவள் வீட்டுக்குப் போனோம். "வாங்கடா" என்றாள். தடித்த, கரகரத்த ஒரு குரல். முகிலன் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான்.

சிடி வந்தது. கிள்ளானில் ஒரு சின்ன ஹாலில் வெளியிட்டோம். வந்தவர்கள் எல்லாம் அந்த ஒரு வரியைப் பற்றியேதான் பேசினார்கள். "அக்கா, அந்த லாஸ்ட் லைன்... புல்லரிக்குது லா!" ஒவ்வொருவருக்கும் தேங்க்ஸ் சொன்னாள், தரையைப் பார்த்துக்கொண்டே. அதற்குப் பிறகு அவள் மேடை ஏறவில்லை. சண்டை ஒன்றும் இல்லை, பேண்ட் அப்படியே நின்றுபோனது. வேலை, கல்யாணம், பிள்ளைகள் என்று வருஷங்கள் ஓடிவிட்டன.

போன மாதம் அவளே போன் பண்ணினாள். "இந்தக் குரல்லயே ஒண்ணு பாடிப் பார்க்கலாமாடா?"

இப்போதெல்லாம் ஸ்டூடியோவே தேவையில்லை. கிள்ளானில் என் வீட்டு ஹால், ஒரு லேப்டாப், ஒரு மைக், ஆளுக்கொரு ஹெட்ஃபோன், போதும். நல்ல வெயில் அடித்த சனிக்கிழமை காலை. முகிலனும் சுரேனும் வந்திருந்தார்கள். யாழினி நடுவில் நின்று பாடினாள். அந்தக் கரகரப்பில் அத்தனை அழகு இருந்தது... இத்தனை வருஷம் எங்களுக்குத் தெரியாமலே போய்விட்டது.

அன்றைக்கு ஸ்டூடியோவில் கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். இப்போது மூன்று பேருமே அவள் உதட்டை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

பாட்டு முடிந்தது. வாயை மூடினாள். மைக்கை விட்டு ஓர் அடி தள்ளி நின்றாள்.

யாரும் ஹெட்ஃபோனைக் கழற்றவில்லை. அவளும்தான்.