நெடியவட்டை என்று எழுதிய இரண்டு புத்தகங்கள்

நனைந்த புத்தகம் வெயிலில் காயும்போது ஒரு வாசம் வரும். பசையும் கடதாசியும் சேர்ந்து லேசாகப் புளித்த வாசம். எழுபத்தெட்டுச் சூறாவளிக்குப் பிறகு பல கிழமைகள் எனக்கு அந்த வாசம்தான்... சோறு தின்னும்போதுகூடக் கையைவிட்டுப் போகாது.

கல்முனைப் பக்கம் ஒரு சின்ன வாசிகசாலை. எனக்கு முதல் வேலை அங்கேதான். மகளுக்கு உத்தியோகம் கிடைத்துவிட்டது என்று உம்மா ஊர் முழுக்கச் சொல்லி முடிக்கவில்லை, அதற்குள் காற்று வந்து வாசிகசாலைக் கூரையைக் கொண்டு போய்விட்டது.

மணலில் பாய் விரித்து, மதிலில் வைத்து, கொடியில் தொங்கவிட்டு... கண்ட இடமெல்லாம் புத்தகம். அட்டை இல்லை, முதல் பக்கம் இல்லை, முதுகில் ஒட்டியிருந்த இலக்கமும் இல்லை. எது நாவல், எது சரித்திரம் என்று யாருக்கும் தெரியாது. பொறுப்பாக இருந்தவர் மாற்றலாகிப் போய்விட்டார். அடுத்தவர் வரும்வரை அங்கே நான்தான் ராணி.

நான் என்ன செய்தேன் தெரியுமா? எங்கள் ஆட்கள் யாரைக் கண்டாலும் முதலில் எந்த ஊர் என்றுதானே கேட்பார்கள். நானும் புத்தகங்களை அப்படியே கேட்டேன். உள்ளே அடிக்கடி வருகிற ஊர்ப் பெயரைக் கண்டுபிடித்து, பழுப்புக் கடதாசியில் அட்டை போட்டு, அந்தப் பெயரை மையால் எழுதி, ஊர் வாரியாக அடுக்கினேன். சம்மாந்துறைக்கு ஒரு தட்டு, திருக்கோவிலுக்கு ஒரு தட்டு. என் கெட்டிக்காரத்தனத்தை நானே மெச்சிக்கொண்டேன்.

அதில் நெடியவட்டை என்ற பெயரில் இரண்டு புத்தகங்கள் இருந்தன. சம்மாந்துறைக்கு அங்கால் கிடக்கிற ஒரு வயல் வெளி அது. பஸ்கூட நிற்காத அந்த இடத்தைப் பற்றி இரண்டு பேர் உட்கார்ந்து எழுதியிருக்கிறார்களே என்று நான் வாயைப் பிளந்தேன்.

காசிம் காக்கா பேப்பர் பார்க்க வருகிறவர். நெடியவட்டையில் வயல் செய்கிறவர். ஒருநாள் அந்தத் தட்டின் முன்னால் அப்படியே நின்றுவிட்டார். எங்கட வட்டையையும் எழுதியிரிக்காங்களா என்று இரண்டு தரம் கேட்டார். கைக்கு வந்த ஒன்றை எடுத்துக்கொண்டு போனார்.

அவருடைய வாப்பா அந்தக் காலத்தில் வட்டவிதானை. வயல்களுக்குத் தண்ணீர் பங்கிடுகிற பொறுப்பு அவருடையது. ஒரு வெள்ளத்தில் அவர் வாய்க்காலின் மண் அணைக்கட்டை வெட்டிவிட, கதிர் தள்ளப் போகிற குடலைப் பருவத்தில் நின்ற பயிரெல்லாம் அழிந்து போயிற்று. தன் வயலைக் காப்பாற்றத்தான் வெட்டினார் என்று ஊர் சொன்னது. பள்ளியில் பக்கத்தில் நின்று தொழுகிறவர்கள்கூட அவர் மௌத்தாகும்வரை அவரோடு கதைக்கவில்லையாம்.

மறு கிழமை காக்கா வந்தபோது அவர் கண் கலங்கியிருந்தது. புத்தகத்தில் இருக்கிற விதானை, கட்டுக்கு மற்றப் பக்கம் குடிசைகளில் இருந்த பிள்ளைகுட்டிகளைக் காப்பாற்றவே வெட்டுகிறார். விதானையின் பெயர்தான் வேறு. மரியாதைக்காகப் பெயரை மாற்றி எழுதியிருப்பார்கள் என்று காக்காவே சொல்லிக்கொண்டார். தேத்தண்ணிக் கடையில் அதைச் சத்தமாக வாசித்துக் காட்டினாராம். சரித்திரத்திலேயே இருக்கிறது என்றதும் எல்லோரும் கப்சிப். வாப்பாவுக்கு வருடா வருடம் ஓதுகிற கத்தம் வருகிறது, ஊரைக் கூப்பிட்டு அன்றைக்கும் வாசிக்கப் போகிறேன் என்றார்.

கத்தத்துக்கு நாலு நாள் இருக்கும்போது, உதிரிப் பக்கங்களைத் தைத்துக்கொண்டிருந்தேன். வேறொரு புத்தகத்தோடு ஒட்டிக் கிடந்த தாள் ஒன்று பிரிந்து வந்தது. நெடியவட்டை. அதன் கீழே சின்ன எழுத்தில், நாவல்.

அப்படியானால் காக்கா கொண்டு போனது கதையா? தட்டில் இருந்த மற்றப் புத்தகத்தை எடுத்துப் புரட்டினேன். அதுதான் சரித்திரம். அந்த வெள்ளத்துக்கு அதில் ஒரே ஒரு வரி. கட்டு உடைந்தது, பயிர் அழிந்தது. வெட்டியது யார், ஏன் வெட்டினார்... ஒன்றும் இல்லை.

இரண்டு நாள் மூடி வைத்தேன். ஊருக்கு முன்னால் யாராவது இது கதைதானே என்று சிரித்துவிட்டால், அந்த மனிதர் வாப்பாவை இரண்டாம் முறை அடக்கம் பண்ண வேண்டி வரும். மூன்றாம் நாள் அவரைக் கூப்பிட்டு, தாளைக் கையில் கொடுத்து, பிழை என்னுடையது என்று சொன்னேன். அழுதும்விட்டேன்.

அவர் அந்தத் தாளில் இருந்த எழுத்தை விரலால் தொட்டு வாசித்தார். பிறகு சொன்னார்:

"கதையெண்டாலும் சும்மா தோணியிரிக்காது தங்கச்சி. எங்கட வட்டையில ஆரோ ஒராள் எழுதினவருக்குச் சொல்லித்தான் இரிக்கும். அப்ப... எங்கட வாப்பாவ நம்பின ஒராள் அந்த ஊரில இரிந்திரிக்காரு."

 

கத்தத்துக்கு இரண்டு புத்தகத்தையும் கொண்டு போனார். இது சரித்திரம், இது கதை என்று சொல்லிச் சொல்லியே வாசித்தாராம். யாரும் சிரிக்கவில்லை. அடுத்த கிழமை நெடியவட்டையிலிருந்து ஆறேழு பேர் சைக்கிளில் வந்து, அந்தக் கதையைத் தரச் சொல்லிக் கேட்டார்கள்.

பிறகு புதுப் பொறுப்பாளர் வந்தார். என் ஊர்த் தட்டுகளைப் பார்த்துத் தலையில் கை வைத்தார். எல்லாம் மறுபடி இலக்கப்படி பிரிந்து போயின.

போன மாதம் அந்தப் பக்கம் போயிருந்தேன். இப்போது மாடிக் கட்டடம், ஏசி, கம்ப்யூட்டர். சரித்திரம் கீழே, நாவல் மேலே. கம்ப்யூட்டரில் இருந்த பிள்ளையிடம் நெடியவட்டை என்றேன்.

"கதையா உம்மா, சரித்திரமா?" என்று அந்தப் பிள்ளை மரியாதையாகத்தான் கேட்டது.

நாற்பது வருடத்துக்கு மேலாகியும் அதே கேள்வி... ரெண்டையும் தாங்க மகள் என்றேன். மேலே போய் ஒன்றும், கீழே வந்து ஒன்றுமாக எடுத்து வந்தது. என் பழைய ஊர்த் தட்டில் இருந்த மாதிரியே, மேசையில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன்.