ராக்கெட்டுப் படத்து மழை

நாகலெட்சுமி தன் வாழ்நாளில் சூடம் அணைத்துச் சத்தியம் செய்தது ஒரே ஒரு தடவைதான். வரப்புத் தகராறுக்கோ காணாமல் போன நகைக்கோ இல்லை. ஒரு சினிமாவுக்காக! அதுவும் ஒரு வார்த்தை விளங்காத இங்கிலீஷ் படத்துக்காக.

அந்தப் படத்தை அவள் பார்த்தது 1979இல், பதினாறு வயதில். மிளகாய் மூடை போட வந்த அய்யாவோடு தொண்டிக்கு வந்தவள், டூரிங் கொட்டகைக்குக் கூட்டிப்போனால்தான் ஊர் திரும்புவேன் என்று பஸ் நிற்கிற இடத்தில் உட்கார்ந்தே விட்டாள். அவள் பார்க்கப்போகிற முதல் படம் அது. கொட்டகைக்காரருக்கு வரவேண்டிய சாமி படத்துப் பெட்டிக்குப் பதில் வேறு ஏதோ பெட்டி வந்து இறங்கியிருந்தது. கூடிய கூட்டத்தைத் திருப்பி அனுப்பவா முடியும்? மனுஷன் அதையே ஓட்டிவிட்டார்.

திரையில் ராக்கெட் கிளம்பியது. ஆறு பேர் போய் வேறொரு கிரகத்தில் இறங்கினார்கள். பாறையும் புழுதியுமாக, சித்திரை மாதத்துக் கண்மாய் மாதிரிக் கிடந்தது அந்த இடம். கடைசியில் ஐந்து பேர் ராக்கெட்டில் ஏறிக்கொள்ள, ஆறாவதாக ஒரு பொம்பளை மட்டும் ஏற மறுத்து நின்றுவிட்டாள். ராக்கெட் போயே போய்விட்டது. அவள் தன்னந்தனியாக நிற்கிறாள். அவளைச் சுற்றிக் கோடு கோடாக, கொட்டு கொட்டென்று கொட்டுகிறது மழை!

"அய்யா, அங்கன மழை பெய்யுது! அதான் அவ வரமாட்டேங்குறா!" என்று நாகலெட்சுமி கத்திய கத்தலில் தரை டிக்கெட் மொத்தமும் திரும்பிப் பார்த்தது. மழைக்காக ஒருத்தி தங்கிவிட்டாள் என்பதில் அவளுக்கு எள்ளளவும் சந்தேகம் இல்லை. வானம் பார்த்த பூமியில் பிறந்தவளுக்கு வேறு காரணம் எதற்கு?

நான்கு வருஷம் கழித்து அவளைக் கட்டிய வீரபத்திரனும் அதே படத்தை ராமநாதபுரத்தில் பார்த்திருந்தான். கல்யாணம் ஆன வாரமே சண்டை தொடங்கிவிட்டது. ஆறு பேரும் பத்திரமாக ஊர் திரும்பி, மாலை மரியாதையோடு படம் முடிந்தது என்று அவன் அடித்துச் சொன்னான். இவள் விடுவாளா? குழம்பு கொதித்தாலும் சண்டை, மிளகாய்ச் செடிக்குக் களை எடுத்தாலும் அதே சண்டை. அது அவர்களுக்குள் ஒரு விளையாட்டாகத்தான் இருந்தது, பால்சாமி நடுவில் நுழைகிற வரைக்கும்.

பால்சாமி அவளுக்குக் கொழுந்தன். மதினியைக் கேலி பண்ணாவிட்டால் அவனுக்குச் சோறு இறங்காது. 1988 அய்யனார் கோயில் திருவிழாவுக்கு வீடியோ டெக்கும் கலர் டிவியும் வாடகைக்கு எடுத்தவன், தேடிப்பிடித்து அந்த ராக்கெட்டுப் படத்தின் கேசட்டையும் வாங்கி வந்தான்.

"மதினி, இப்பவே ஒத்துக்கங்க. ஊரு முன்னாடி அசிங்கப்படாதீக" என்றான்.

அவளுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. விறுவிறுவென்று கோயிலுக்குள் போனாள், சூடத்தைக் கொளுத்தினாள். "அவ அங்கனயே தங்கிட்டா. அங்கன மழை பெஞ்சுச்சு. இது அய்யனாரு மேல சத்தியம்" என்று சொல்லி உள்ளங்கையால் அடித்து அணைத்தாள்.

ஊரே கூடி உட்கார்ந்து படம் பார்த்தது. ஆறு பேரும் ராக்கெட்டில் ஏறினார்கள். ஆறு பேரும் ஊர் திரும்பினார்கள். மாலையும் விழுந்தது.

யாரும் கைதட்டவில்லை. கேலி பண்ண வந்த பால்சாமியே அவசரமாக டிவியை அணைத்தான். சாமி முன்னால் பொய்ச் சத்தியம் என்றால் சும்மாவா? அந்த ஐப்பசியில் கண்மாய் நிறையவில்லை. அந்தக் கண்மாய் எந்த ஐப்பசியில் ஒழுங்காக நிறைந்தது என்று யாரும் யோசிக்கவில்லை. மழையைப் பற்றிப் பொய்ச் சத்தியம் பண்ணினால் மழை எப்படி வரும் என்று குழாயடியில் பேச ஆரம்பித்தார்கள். நாகலெட்சுமி அதற்குப் பிறகு கோயிலில் பொங்கல் வைக்கவே இல்லை. வைக்காதே என்று யாரும் சொல்லவில்லை. அவளே ஒதுங்கிக்கொண்டாள். அது அவளுக்கு ஆறாத புண்.

ஆனால் விட்டுக்கொடுக்கிற ஜென்மமா அவள்? தொண்டியில் வீடியோ கடை வைத்திருந்த ஹமீது சுல்தானை ஒரு வழி பண்ணிவிட்டாள். "பாய், அந்தப் படம் வேற மாதிரி எதும் வந்துருக்கா?" என்று சந்தைக்குப் போகும்போதெல்லாம் கேட்பாள். அவரும் சளைக்காமல் தேடினார். ஒரு கேசட் இருபது நிமிஷம் கூடுதல் நீளமாக வந்தது. புதிதாக ஒரு புயல் இருந்தது, முடிவு அதேதான். பிறகு ஒரு சிடி வந்தது. அதில் படத்தை நறுக்கித் தள்ளி, கிரகத்திலிருந்து ராக்கெட் கிளம்பியதுமே மங்களம் பாடிவிட்டார்கள். ஒரே படம் ஆளுக்கொரு நீளத்தில் திரிவது அவளுக்கு நம்பிக்கை கொடுத்தது. இத்தனை விதம் இருந்தால், தன்னுடையதும் எங்கேயோ இருக்கத்தானே வேண்டும்?

2007இல் ஒரு மத்தியானம் ஹமீது சுல்தான் டிவிஎஸ் வண்டியில் நேராக வீட்டு வாசலிலேயே வந்து இறங்கினார். கையில் டிவிடி பிளேயர், முகமெல்லாம் சிரிப்பு.

"தங்கச்சி, கெடைச்சிருச்சு! சிங்கப்பூருலேருந்து மச்சான் கொண்டாந்தாக. டைரக்டர் மொதல்ல எடுத்த முடிவு வேறயாம். சனங்களுக்குப் பிடிக்காதுன்னு கம்பெனிக்காரவுக பயந்துபோயி, வேற முடிவ எடுத்து ஒட்டிட்டாகளாம். அதுக்குள்ள மொதப் பிரிண்டு கொஞ்சம் வெளிநாட்டுக்குப் போயிருச்சு. இப்ப அதத் தேடிப்பிடிச்சு, கழுவித் தொடச்சு, டிஸ்க்காப் போட்டுருக்காக. அல்லா மேல ஆணையா நான் இன்னும் பாக்கல, உங்களோட பாக்கணும்னு வந்தேன்."

சேதி பறந்தது. அரசாங்கம் கொடுத்த டிவிக்கு முன்னால் பாதி ஊர் நெருக்கியடித்தது. பால்சாமிதான் முதல் ஆளாக இடம் பிடித்தான்.

படம் கண்ணாடி மாதிரி இருந்தது. பாறையில் இருக்கிற வெடிப்பு வரைக்கும் தெரிந்தது. ஐந்து பேர் ஏறினார்கள். ஆறாவது ஆள் ஏறவில்லை! ராக்கெட் போனது. அவள் நின்றாள்.

"பாத்தீகளா! பாத்தீகளா!" என்று நாகலெட்சுமி எழுந்தேவிட்டாள். பொம்பளைகள் குலவை போட்டார்கள். பத்தொன்பது வருஷப் பாரம் இறங்கியதில் அவளுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன.

பால்சாமி டிவிக்குப் பக்கத்தில் முகத்தைக் கொண்டுபோனான். "மதினி, எல்லாம் சரி. மழையக் காணமே?"

ஆமாம், மழை இல்லை. வெயில் பொசுக்குகிற வெறும் புழுதியில் அவள் நின்றுகொண்டிருந்தாள். குலவை நின்றது. ஹமீது சுல்தான் தயங்கித் தயங்கிச் சொன்னார். "அது மழை இல்ல தங்கச்சி. ஊரூரா ஓடித் தேஞ்ச பிரிண்டுல விழுந்த கீறலு. கடைசி ரீலுல நெறைய இருக்கும். அதத்தான் இப்பத் தொடச்சிட்டாக."

நாகலெட்சுமி அப்படியே உட்கார்ந்துவிட்டாள். பாதிச் சத்தியம் பொய்யா?

மூலையில் இருந்த வீரபத்திரன் எழுந்தான். "யாருலே மழை பெய்யலன்னது? பெஞ்சுச்சு. இப்பத்தான் என் கண்ணால பாத்தேன். ஏலே பால்சாமி, சூடத்த எடுத்துட்டு வா. அய்யனாரு முன்னாடி நான் அணைக்கிறேன்."

ஊர் திகைத்துப்போனது. இத்தனை வருஷம் அவளோடு மல்லுக்கு நின்ற மனுஷன், கண்ணெதிரே இல்லாத மழைக்குச் சத்தியம் பண்ணக் கிளம்புகிறான். துண்டை உதறித் தோளில் போட்டு வாசலைத் தாண்டப் போனவனை, நாகலெட்சுமி ஓடிப்போய்க் கையைப் பிடித்து இழுத்தாள்.

"ஏங்க, வேணாம். மழை பெய்யல. நாந்தான் தப்பாப் பாத்துட்டேன்" என்று ஊருக்கே கேட்கும்படி சொன்னாள். பிறகு டிவியைத் திரும்பிப் பார்த்தாள்.

"மழை இல்லாமயும் அவ தங்கத்தான செஞ்சிருக்கா."